மண்வாத்தும் மஞ்சள் வாத்தும்

என் மகளுக்குக் காய்ச்சல் வந்த வாரம், துருக்கியில் தோண்டியெடுத்த ஒரு பழைய நகரத்தைப் பற்றித் தமிழில் எழுதிக்கொண்டிருந்தேன். கோர்டியன் என்பது அந்த நகரத்தின் பெயர். ஃபிரிஜியர்கள் என்ற மக்களின் தலைநகராக இருந்த ஊர். அங்கே கிடைத்த பொருள்களின் நகல்களையும் படங்களையும் வைத்துக் கோலாலம்பூரில் ஒரு கண்காட்சி நடக்கவிருந்தது. பார்க்க வருகிறவர்கள் காதில் மாட்டிக்கொண்டு கேட்பதற்கான விளக்கத்தில் தமிழ்ப் பகுதியைப் பிரிக்பீல்ட்ஸில் உள்ள ஒரு மொழிபெயர்ப்பு அலுவலகம் என்னிடம் கொடுத்திருந்தது. மகள் பிறந்தபின் வேலையை விட்டுவிட்டு, கிள்ளான் வீட்டில் இருந்தபடியே இப்படி எழுதிக் கொடுத்துவருகிறேன்.

எனக்கு எந்தச் சொல்லும் ஒரே தடவையில் அமையாது. மன்னர்களைப் புதைத்து மேலே மலைபோல் மண்ணைக் குவித்திருக்கிறார்கள். அதை மண்மேடு என்று எழுதினேன். கட்டுமான வேலை நடக்கும் இடம்போல ஒலித்தது. ஈமக்குன்று என்று மாற்றினேன். காதால் கேட்கிறவருக்குப் புரியுமா என்று பயந்து மறுபடி மண்மேடு. காலையில் எழுந்ததும் மீண்டும் ஈமக்குன்று. இப்படித்தான் என் வேலை நடக்கும்.

ஆனால் அந்த ஊர் எனக்குப் பிடித்துவிட்டது. ஈமக்குன்றுக்குள் மரத்தாலான அறை. இரண்டாயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கும் மேலாக அந்த மரம் இற்றுப்போகாமல் நிற்கிறது. வெண்கலக் கொப்பரைகளின் அடியில், சாவு விருந்தில் குடித்த பானத்தின் கசடு காய்ந்து ஒட்டியிருக்கிறது. அவர்களுக்கு ஒரு பெண் தெய்வமும் உண்டு. வாசல் நிலையில் நிற்பதுபோல அவளைக் கல்லில் செதுக்கியிருக்கிறார்கள். ஒரு கையில் பருந்து, ஒரு கையில் கிண்ணம். அவளை வெறுமனே தாய் என்றுதான் அழைத்தார்கள்.

அதை வாசித்துக் காட்டியபோது அண்ணி சிரித்தார். அண்ணி என்றால் என் கணவரின் அக்கா. எங்கள் வரிசையிலேயே இரண்டு வீடு தள்ளி இருக்கிறார், ரவிக்கை தைக்கிறார். தாயை இழந்த தம்பியை வளர்த்து ஆளாக்கியவர் என்பதால், இந்த வீட்டில் அவர் சொல்லுக்கு மறுசொல் கிடையாது.

"தாயின்னா தாயிதான். அதுக்கு ஒரு பேரு வேற வேணுமாக்கும். துருக்கிக்காரனுக்குத் தெரிஞ்சிருக்கு பாரு" என்றார்.

காய்ச்சல் தொடங்கியதும் மகளைக் கிளினிக்குக்குக் கூட்டிப்போனேன். வைரஸ் காய்ச்சல் மாதிரி இருக்கிறது, மருந்து கொடுங்கள், குறையாவிட்டால் ரத்தம் பார்க்க வேண்டும், திரும்பக் கூட்டி வாருங்கள் என்று டாக்டர் தெளிவாகச் சொன்னார். குறையவில்லை. உடம்பு அனலாகக் கொதித்தது. கண்ணுக்குப் பின்னால் வலிக்கிறது என்று அழுதாள். பிறகு கன்னத்திலும் கையிலும் சிவப்பாகத் தடித்தது, காலில் சின்னச் சின்னப் புள்ளிகள். அவள் போகும் பாலர் பள்ளியில், தாடிகாவில், அப்போது இரண்டு பிள்ளைகளுக்கு அம்மை போட்டிருந்தது.

அண்ணி வந்து சட்டையைத் தூக்கிப் பார்த்தார். உடனே கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"அம்மா வந்திருக்கா."

"அண்ணி, கிளினிக்ல ரத்தம் பாக்கணும்னு..."

"அம்மா இருக்கும்போது ஊசி குத்துவாங்களா? படிச்சவதானே நீ? இது முத்து வர்றதுக்கு முன்னாடி வர்ற சிவப்பு. உன் புருஷனுக்கு இப்படித்தான் வந்துச்சு. யாரு பாத்தா? நான்தான் பாத்தேன்."

வேப்பிலைக் கொத்து கேட்டில் ஏறியது. கட்டிலில் வேப்பிலை, தலையணைக்கு அடியில் வேப்பிலை. சமையலில் தாளிப்பு இல்லை. வெளியே இருந்து யாரும் உள்ளே வரக் கூடாது, உள்ளே இருப்பவர்கள் வெளியே போகக் கூடாது. கணவர் துறைமுகத்தில் ஷிப்ட் வேலை செய்கிறார். அவர் மட்டும் பின்வாசல் வழியாகப் போய், வந்ததும் மஞ்சள் தண்ணீரில் கால் கழுவிவிட்டு நுழைந்தார். அவரிடம் தனியாகச் சொன்னேன்.

"டிங்கிக் காய்ச்சலா இருந்தா என்ன பண்றது? நம்ம தாமான்ல, நம்ம தெருவுலகூட போன மாசம் கொசுப்புகை அடிச்சாங்கல்ல?"

"அக்கா நாலு பிள்ளைங்களுக்கு அம்மை பாத்தவங்க லா. நீ எதையாவது படிச்சுட்டு பயப்படாத. நாளைக்குப் பாப்போம்."

நான் அம்மை பார்த்ததில்லை. எனக்கு வந்ததும் நினைவில்லை. அண்ணிக்குத் தெரியும், எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்ததெல்லாம் டாக்டர் சொன்ன ஒரு வாக்கியம். அவரும் 'குறையாவிட்டால்' என்றுதான் சொன்னார். எத்தனை பேருக்கு அப்படிச் சொல்கிறார்களோ. உண்மையாகவே அம்மையாக இருந்து, நான் ஊசி போட வைத்து ஏதாவது ஆகிவிட்டால்? இரண்டு பக்கமும் பயமாக இருந்தது. இரண்டில் எது நியாயமான பயம் என்று எனக்குத் தெரியவில்லை.

பகலில் அவள் தூங்கும்போது கட்டிலுக்குப் பக்கத்தில் மடிக்கணினியை வைத்துக்கொண்டு எழுதினேன். நான் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்த ஒரு பகுதி மட்டும் மீதம் இருந்தது. ஒரு சிறிய ஈமக்குன்று. அதற்குள் ஒரு குழந்தை.

அலுவலகத்தில் இருக்கும் சின்னப் பெண் குரல் செய்தி அனுப்பியிருந்தாள். "அக்கா, அந்த பேபி குழி மட்டும் இன்னும் வரல லா. வாய்ஸ் குடுக்குறவங்க கேட்டுக்கிட்டே இருக்காங்க."

அண்ணி காதில் அது விழுந்துவிட்டது. "உன் துருக்கிக்காரன் ஆயிரம் ரெண்டாயிரம் வருஷமா மண்ணுக்குள்ளதான் படுத்துக் கெடக்கான். இன்னும் ரெண்டு நாள் படுத்தா முதுகு வலிச்சிருமா? மூடி வையி."

நான் மூடவில்லை. ஒப்புக்கொண்ட வேலையைத் தள்ளிவைத்துப் பழக்கமில்லை. அவர் வீட்டுக்குப் போனதும் எழுத ஆரம்பித்தேன்.

அந்தக் குழந்தையின் எலும்பு எதுவும் மிஞ்சவில்லை. சில பற்கள் மட்டும் கிடைத்தன. நாலு அல்லது ஐந்து வயது இருக்கும் என்பதை அந்தப் பற்களை வைத்துத்தான் சொன்னார்கள். குழந்தையோடு பொம்மைகளை வைத்திருந்தார்கள். மரத்தில் செதுக்கிய குட்டிச் சிங்கம், நுகத்தில் பூட்டிய எருதுகள், நான்கு குதிரை இழுக்கும் சின்ன வெண்கலத் தேர், வாத்து உருவத்தில் வனைந்து வண்ணம் தீட்டிய இரண்டு மண்குடுவைகள். வெண்கல இடுப்புப் பட்டைகளும் இருந்தன. அவை பெரியவர்களின் இடுப்புக்கு ஏற்ற அளவில் இருந்தன என்று மூலத்தில் ஒரு வரி. அந்த வரியில் நின்றுவிட்டேன். வளர்ந்த பிறகு கட்டிக்கொள்ள வேண்டியதை அப்போதே கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள்.

தலையைத் திருப்பினேன். என் மகளுக்கும் ஐந்து வயது. சட்டை போடாமல் ஒரு வெள்ளைத் துணியின்மேல் மல்லாந்து கிடந்தாள். பிள்ளை கண்ணைத் திறந்தால் சந்தோஷப்படட்டும் என்று அண்ணி அவளுடைய விளையாட்டுப் பொருள்களையெல்லாம் கொண்டுவந்து அவளைச் சுற்றி அடுக்கிவைத்திருந்தார். தலைமாட்டில் துணிச் சிங்கம். இடுப்போரத்தில் சின்னக் காடிகள், பொம்மைக் கார்கள். தோள்பக்கம், குளிக்கும்போது தண்ணீரில் மிதக்கவிடும் மஞ்சள் ரப்பர் வாத்து. சுற்றிலும் வேப்பிலை.

எழுந்து எல்லாவற்றையும் அள்ளினேன். எதிலும் சத்தம் வரக் கூடாது என்று நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போய் இரும்பு பீரோவைத் திறந்தேன். ஒன்றாம் வகுப்புக்கென்று முன்கூட்டியே வாங்கிய நீலப் பினாஃபோர் உள்ளே தொங்கியது. இரண்டு வருடம் போட்டுக்கொள்ளட்டும் என்று ஒரு அளவு பெரிதாக வாங்கியது. எல்லோரும் அப்படித்தான் வாங்குகிறோம். அதைத் தொடாமல் பொம்மைகளைக் கீழ்த்தட்டில் திணித்துப் பூட்டி, சாவியைக் கைப்பையில் போட்டேன்.

அவள் எழுந்ததும், "அம்மா, வாத்து" என்றாள்.

"வாத்து தூங்குது பாப்பா" என்றேன். சொன்ன பிறகு அந்தச் சொல்லும் பிடிக்கவில்லை. "வாத்து வெளிய போயிருக்கு" என்றேன். அதுவும் பிடிக்கவில்லை.

மறுநாள் காலை அவள் நெற்றியில் கை வைத்தபோது குளிர்ந்திருந்தது.

கை வைத்துப் பார்த்த அண்ணிக்குக் கண் கலங்கியது. "தாயி இறங்கிட்டா! வெயில்ல தண்ணி வைக்கிறேன். மஞ்சளும் வேப்பிலையும் போட்டு தலைக்கு ஊத்தி அம்மாவ அனுப்பி வெச்சிருவோம்." கார் நிறுத்தும் இடத்தில் வெயில் விழும் மூலையில் பித்தளை அண்டாவை வைத்தார். தம்பிக்கு போன் போட்டார். "நான் சொல்லல? உன் பொண்டாட்டி கிடந்து துடிச்சா" என்று அவர் சிரித்தது எனக்குக் கேட்டது. எனக்கும் அழுகை வந்தது. நல்லவேளை, நான் பிடிவாதம் பிடிக்கவில்லை என்றுகூட நினைத்தேன். கடவுளே, அப்படித்தான் நினைத்தேன்.

ஆனால் அவள் எழுந்து உட்காரவில்லை. காய்ச்சல் விட்டால் பிள்ளைகள் சோறு கேட்பார்கள், டிவி கேட்பார்கள். இவள் குடித்த கஞ்சியை வாந்தியெடுத்துவிட்டு, வயிறு வலிக்கிறது என்று முழங்காலை மடக்கிக்கொண்டாள். கூப்பிட்டால் கண்ணைத் திறந்தாள், உடனே மூடிக்கொண்டாள். உள்ளங்கை ஈரமாக, சில்லென்று இருந்தது.

"அண்ணி, கை ஜில்லுனு இருக்கு."

"காய்ச்ச விட்டா ஜில்லுனுதான்டி இருக்கும். கொதிச்சாலும் அழுவ, குளிர்ந்தாலும் அழுவ. உன்ன வெச்சு அந்தத் தாயிக்கே தொல்ல, சூசா."

நான் மறுபடி வேலையில் உட்கார்ந்தேன். எதையாவது செய்யாவிட்டால் கத்திவிடுவேன் போலிருந்தது. முந்தின நாள் எழுதியதைத் திருத்தலாம் என்று திறந்தேன். பற்கள் என்று எழுதியிருந்தேன். பால்பற்கள் என்று எழுத வேண்டுமோ? நாலைந்து வயதில் எல்லாம் பால்பற்களாகத்தானே இருக்கும்? ஒன்றிரண்டு ஆடத் தொடங்கியிருக்குமா? மகளுக்கு இன்னும் ஒன்றும் ஆடவில்லை என்றுதான் நினைவு. உறுதியாகத் தெரியவில்லை. ஒரு சொல்லுக்காக, அந்த ஒரு சொல்லுக்காகத்தான், கட்டிலில் ஏறி அவள் உதட்டை விரலால் மெல்ல விலக்கினேன்.

கீழ்ப்பல் வரிசையின் ஈறில் ரத்தம். ஒவ்வொரு பல்லின் அடியிலும் மெல்லிய சிவப்புக் கோடு. தலையணையில் எச்சில் ஒழுகிய இடத்தில், மஞ்சள் கறை என்று நான் நினைத்திருந்தது பழுப்பாகக் காய்ந்திருந்தது.

நான் கூப்பிட்ட குரல் எனக்கே தெரியாத குரல். அண்டாத் தண்ணீரில் கையை விட்டுச் சூடு பார்த்துக்கொண்டிருந்த அண்ணி ஈரக் கையோடு ஓடிவந்தார்.

"அம்மைக்கு ஈறுல ரத்தம் வருமா அண்ணி?"

அவர் குனிந்து பார்த்தார். ஈரக் கையைப் புடவையில் துடைத்தார். இன்னொரு தடவை பார்த்தார்.

"நான் போறேன்" என்றேன். அம்மை வீட்டில் சொல்லக் கூடாத சொல். அண்ணி திருத்தவில்லை. தன் காடிச் சாவியை எடுக்க ஓடினார்.

கேட்டைத் திறந்தபோது வேப்பிலைக் கொத்து மகளின் தலையில் உரசியது. அண்ணி அதிலிருந்து ஒரு இணுக்கை மட்டும் ஒடித்து ஸ்டீரிங்குக்கு முன்னால் வைத்தார். நான் பின்சீட்டில் அவளை மடியில் போட்டுக்கொண்டேன். கிள்ளான் பாலத்துக்கு முன்பே வண்டிகள் நின்றுவிட்டன.

"அடோய், லோரிய எங்க கொண்டுவந்து சொருவுறான் பாரு! உள்ள பிள்ள இருக்குடா!" என்று அண்ணி ஜன்னல் கண்ணாடியை இறக்கிக் கத்தினார். கண்ணாடியை ஏற்றியதும் குரல் தணிந்தது. "தாயே, நீதான் வந்திருக்கேன்னா எங்களோடயே வா. நீ இல்லேன்னா வழிய விடச் சொல்லு." பிறகு பின்பார்வைக் கண்ணாடியில் என்னைப் பார்க்காமல், "படிச்சவதானே நீ. என்னை ஒரு தள்ளு தள்ளிட்டுப் போயிருக்க வேண்டியதுதானே?" என்றார்.

தள்ளியிருக்க வேண்டும். தள்ளுவது எப்படி என்று எனக்கு யாரும் சொல்லித்தந்ததில்லை. பாலத்தின் மேல் மகளின் வாயருகே என் கன்னத்தை வைத்து மூச்சு வருகிறதா என்று பார்த்துக்கொண்டே வந்தேன். ஒவ்வொரு மூச்சுக்கும் அடுத்த மூச்சுக்கும் நடுவில் எனக்கு உலகம் இல்லை.

அரசாங்க மருத்துவமனையில் பார்த்த உடனே உள்ளே எடுத்துக்கொண்டார்கள். டிங்கி. இளம் மலாய் டாக்டர், என்னைவிடச் சின்னவராக இருக்க வேண்டும், மலாயிலும் ஆங்கிலத்திலும் மாறி மாறி விளக்கினார். காய்ச்சல் இறங்கியதும் எல்லோரும் நிம்மதி அடைந்துவிடுகிறார்கள், இந்த நோயில் ஆபத்து அதற்குப் பிறகுதான் தொடங்கும், ரத்தக் குழாய்களிலிருந்து நீர் கசிந்து வெளியேறும், அதனால்தான் கை குளிர்கிறது, வயிறு வலிக்கிறது என்றார். இன்றைக்கும் நாளைக்கும் எதையும் உறுதியாகச் சொல்ல முடியாது என்றும் சொன்னார். காய்ச்சல் எப்போது விட்டது என்று கேட்டார். காலையில் என்றேன். எங்கள் வீட்டில் சிரிப்புக் கேட்ட அந்தக் காலை.

சின்னக் கையில் நரம்பு கிடைக்காமல் இரண்டு இடத்தில் குத்திவிட்டுப் பிறகு புறங்கையில் ஊசியை ஏற்றினார்கள். அவள் அழக்கூட இல்லை, அதுதான் எனக்குத் தாங்கவில்லை. நீர் ஏறிக்கொண்டே இருந்தது. வந்து ரத்தம் எடுத்தார்கள், மறுபடி வந்து எடுத்தார்கள். ரத்தத்தை உறையவைக்கும் தட்டணுக்கள் குறைந்துகொண்டே போயின. வேலையிலிருந்து நேராக வந்த என் கணவர் சீருடையோடு சுவரில் சாய்ந்து நின்றார். "அக்கா மேல கோவப்படாத" என்றார். எனக்குக் கோபப்பட இடமே மிஞ்சவில்லை.

அலுவலகப் பெண்ணிடமிருந்து மறுபடி செய்தி. வேறு யாரிடமாவது கொடுத்துவிடு, என் மகள் மருத்துவமனையில் இருக்கிறாள் என்று எழுதினேன். ஒப்புக்கொண்ட வேலையை நான் திருப்பிக் கொடுத்தது அதுதான் முதல் தடவை. "ஐயோ அக்கா, நீங்க பாப்பாவ பாருங்க, நான் பாத்துக்கிறேன்" என்று உடனே பதில் வந்தது. இவ்வளவு சுலபமாக இருந்திருக்கிறது.

கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபோது எனக்கு அந்தக் குழிதான் நினைவுக்கு வந்தது. அரச குடும்பத்துக் குழந்தையாக இருக்கலாம் என்று மூலத்தில் இருந்தது. மரம் என்ன மரம், வெண்கலத்தில் என்ன வேலைப்பாடு என்பதெல்லாம் இருந்தது. அந்த இரண்டு வாத்துகளையும் குழிக்குள் கொண்டுபோய் வைத்தவள் யார் என்று இல்லை. வாசலில் பருந்தோடு நிற்கும் அவர்களுடைய தாயிடம் அவள் எவ்வளவு கெஞ்சியிருப்பாள். ஒருவேளை அந்தக் குழந்தைக்கும் ஒரு காலையில் காய்ச்சல் இறங்கியிருக்கும். அந்த வீட்டிலும் சிரித்திருப்பார்கள். அவளுக்குச் சொல்ல ஒரு டாக்டர்கூட இல்லை. எனக்குச் சொன்னார்கள். நான் கேட்டுக்கொண்டு வீட்டிலேயே இருந்தேன். எந்தத் தாயை வேண்டுவது என்று தெரியாமல் எல்லோரையும் வேண்டினேன். ஃபிரிஜியர்களுடையவளையும் சேர்த்து.

அதற்கு அடுத்த நாள் பார்வையாளர் நேரத்தில் அண்ணி ஒரு பிளாஸ்டிக் பையோடு வந்தார். கண் இரண்டும் வீங்கியிருந்தன.

"பிள்ள முனகும்போது வாத்து வாத்துன்னுச்சு, நீ கேக்கலியா? வீடு பூரா தேடினேன். யாராச்சும் ரப்பர் வாத்த பீரோவுல வெச்சுப் பூட்டுவாங்களா? தங்கமா அது? சாவி உன்கிட்ட, நீ போனை எடுக்க மாட்டேங்குற. பூட்ட ஒடைக்க வேண்டியதாப் போச்சு."

பையிலிருந்து மஞ்சள் வாத்தை எடுத்தார். வழக்கம்போலத் தலையணைப் பக்கத்தில், மகளின் தோளோரம் வைக்கப் போனார்.

"அங்க வைக்காதீங்க!"

பக்கத்துக் கட்டில்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவர் கையிலிருந்து அதைப் பிடுங்கி என் மடியில் வைத்துக்கொண்டேன். அண்ணி என்னை விநோதமாகப் பார்த்தார். துருக்கியில் ஒரு குழி இருக்கிறது என்று எங்கிருந்து தொடங்குவது?

மகள் கண்ணைத் திறந்து பார்த்துக்கொண்டிருந்தாள். ஊசி ஏறாத கையை நீட்டினாள். கையை இவ்வளவு தூரம் அவள் தூக்கிப் பல நாள் ஆகியிருந்தது. அந்தக் கை இறங்கவில்லை. கொடுக்காமல் இருக்க முடியவில்லை. வாத்தை அவள் உள்ளங்கையில் வைத்து, விரல்களை நானே மடக்கிவிட்டேன். அவள் அதை வாய்க்குக் கொண்டுபோய், கைக்குழந்தையாக இருந்தபோது செய்ததுபோல, அலகைக் கடித்தாள்.

அப்போது நர்ஸ் வந்து காலையில் எடுத்த ரத்தத்தின் முடிவைச் சொன்னார். "தட்டணு கொஞ்சம் ஏறியிருக்கு." அவ்வளவுதான் சொன்னார். அண்ணி இரண்டு கையையும் தலைக்குமேல் கூப்பிக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்து உடைந்து அழுதார்.

நான் அழவில்லை. மகளின் வாயிலிருந்து வாத்தை மெல்ல உருவி, ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தேன். மஞ்சள் ரப்பரில் வரிசையாகச் சின்னப் பற்கள் பதிந்த தடம். எச்சில். சிவப்பு எங்காவது இருக்கிறதா என்று பார்த்தேன். திருப்பி மறுபக்கமும் பார்த்தேன்.

"என்னடி அதுல பாக்குற?" என்றார் அண்ணி, மூக்கை உறிஞ்சிக்கொண்டு.

"ஒண்ணுமில்ல அண்ணி."

"அம்மா, குடு" என்றாள் மகள்.

கொடுத்தேன். அவள் மறுபடி கடித்தாள். நான் மறுபடி வாங்கிப் பார்த்தேன்.